மருத்துவமனை வேறு, முதலாளி வேறு

பிப்ரவரி பிறந்தால் எங்கள் அலுவலகத்தில் வரிக் கணக்கோடு அமெரிக்கக் கல்விக் கடன் தள்ளுபடிப் பஞ்சாயத்தும் சேர்ந்தே வரும். இந்த முறை வந்தவர் அவசர சிகிச்சைப் பிரிவு மருத்துவர். நியூ ஜெர்சியில் வளர்ந்த பெண். ரெசிடென்சி என்ற மருத்துவப் பயிற்சிக் காலம் முடித்த நாளிலிருந்து ஆறு வருடமாக ஒரே மருத்துவமனை, அதுவும் லாப நோக்கற்ற மருத்துவமனை. "இன்னும் கொஞ்ச நாள்தான் அங்கிள், அப்புறம் லோன் முழுக்கத் தள்ளுபடி" என்று சிரித்துக்கொண்டே டபிள்யூ-2 என்ற வருடச் சம்பளப் படிவத்தை நீட்டினார். அதில் முதலாளி பெயர் போடும் கட்டத்தில் மருத்துவமனையின் பெயர் இல்லை. மருத்துவர்களை வேலைக்கு எடுத்து மருத்துவமனைகளுக்கு அனுப்பும் ஒரு தனியார் கம்பெனியின் பெயர் இருந்தது. அந்த ஆறு வருடத்தில் ஒரு மாதம்கூடத் தள்ளுபடிக் கணக்கில் ஏறவில்லை. ரெசிடென்சியில் கட்டிய தவணைகள் மட்டும் பத்திரமாக இருக்கின்றன.

இவர் முதல் ஆள் இல்லை. அதனால்தான் எழுதுகிறேன்.

பி.எஸ்.எல்.எஃப். என்று எல்லோரும் சொல்லும் பொதுச் சேவைக் கடன் தள்ளுபடி 2007-ல் வந்த அமெரிக்கச் சட்டம். தகுதியான வேலையில், அதாவது அரசிலோ லாப நோக்கற்ற நிறுவனத்திலோ, இருந்துகொண்டு 120 மாதத் தவணை கட்டினால், மீதமிருக்கும் ஃபெடரல் (மத்திய அரசின்) கல்விக் கடன் தள்ளுபடி. தள்ளுபடியான தொகைக்கு ஃபெடரல் வருமான வரியும் இல்லை. இது உங்களுக்கே தெரியும். தெரியாமல் போவது அடுத்த விஷயம்தான்.

நீங்கள் என்ன சேவை செய்கிறீர்கள் என்று இந்தச் சட்டம் பார்ப்பதில்லை. உங்களுக்குச் சம்பளம் கொடுப்பது யார் என்று மட்டும்தான் பார்க்கிறது. கவுண்டி பள்ளிக்கூடத்தின் சாப்பாட்டுக் கூடத்தில் முழுநேர ஊழியரா? தகுதி உண்டு. மாநிலப் பல்கலைக்கழகத்தில் நேரடி ஊழியராகக் கம்ப்யூட்டர் பார்க்கிறீர்களா? உண்டு. அதே பல்கலைக்கழகத்தில் பக்கத்து நாற்காலியில் அதே வேலையைச் செய்பவர் கன்சல்டிங் கம்பெனி மூலம் வந்தவரா? இல்லை. லாபத்துக்கு நடக்கும் மருத்துவமனையில் நாள் முழுக்க ஏழைகளுக்கே வைத்தியம் பார்த்தாலும் இல்லை. ஏஜென்சி நர்ஸுக்கும் பெரும்பாலும் இதே கதிதான். சனிக்கிழமை தமிழ்ப் பள்ளியில் இலவசமாகப் பாடம் எடுப்பது நல்ல காரியம், அதை நிறுத்தாதீர்கள். ஆனால் "அதுவும் நான்-பிராஃபிட்தானே, மணிக்கணக்கில் சேர்க்கலாமா?" என்று என்னிடம் கேட்காதீர்கள். சம்பளமில்லாத வேலை இதில் சேராது. சம்பளத்துக்குப் பார்க்கும் இரண்டு பகுதிநேர வேலைகள் இரண்டுமே தகுதியான இடங்களில் இருந்து, சேர்த்து வாரம் 30 மணி நேரம் வந்தால் அது சேரும்.

ஒரு விலக்கு உண்டு. கலிபோர்னியாவிலும் டெக்சாஸிலும் லாப நோக்கற்ற மருத்துவமனைகள் மருத்துவர்களை நேரடியாக வேலைக்கு வைக்க மாநிலச் சட்டம் தடையாக நிற்கிறது. அதனால் அங்குள்ள மருத்துவர்களுக்கு 2023 ஜூலையிலிருந்து ஒப்பந்த வேலையும் செல்லும். இதை யாரோ வாட்ஸ்அப்பில் போட, மற்ற மாநில மருத்துவர்களெல்லாம் தங்களுக்கும் என்று நினைத்துக்கொண்டார்கள். உங்களுக்கு இல்லை.

சரி, எப்படிப் பார்ப்பது? டபிள்யூ-2 படிவத்தின் இடப்பக்கம் 'பி' என்ற கட்டத்தில் ஒன்பது இலக்க எண் ஒன்று இருக்கும். அதுதான் முதலாளியின் அடையாள எண்ணான இ.ஐ.என். ஸ்டூடன்ட் எய்ட் அரசுத் தளத்தில் முதலாளியைத் தேடும் பக்கத்தில் அந்த எண்ணை அடியுங்கள். பதில் உடனே வரும். புது வேலைக்குக் கையெழுத்துப் போடும் முன், "என் டபிள்யூ-2 எந்த இ.ஐ.என். எண்ணில் வரும்?" என்று எச்.ஆரிடம் எழுத்தில் கேளுங்கள். ஆள் பிடிக்கிறவர் போனில் "எலிஜிபிள், எலிஜிபிள்" என்று சொல்வதை நம்பி வீடு மாற்றிப் போனவர்களை எனக்குத் தெரியும்.

வேலைச் சான்றுப் படிவத்தை வருடம் ஒருமுறை அனுப்பிவிடுங்கள். பத்து வருடம் கழித்து மொத்தமாக அனுப்பலாம்தான், சட்டம் தடுக்கவில்லை. அதற்குள் உங்கள் பழைய மருத்துவமனை மூடப்பட்டோ கைமாறியோ போயிருந்தால் கையெழுத்துக்கு யாரைத் தேடுவீர்கள்? 2017-ல் முதன்முதலாகத் தகுதி பெற்றவர்கள் விண்ணப்பிக்கத் தொடங்கியபோது, ஆரம்ப வருடங்களில் நூற்றுக்குத் தொண்ணூற்றொன்பது மனுக்கள் நிராகரிக்கப்பட்டன. தவறான கடன், தவறான திட்டம், 120 எட்டாத தவணை என்று காரணங்கள். வருடாவருடம் பார்த்திருந்தால் பலருக்கு முன்பே தெரிந்திருக்கும்.

ரெசிடென்சியில் இருக்கும் பிள்ளைகளே, தயவுசெய்து ஃபோர்பேரன்ஸ் (தவணையைத் தற்காலிகமாக நிறுத்தி வைப்பது) எடுக்காதீர்கள். கடன் வசூலிக்கும் கம்பெனிக்குப் போன் செய்தால் அவர்கள் முதலில் நீட்டுவது அதைத்தான், ஏனென்றால் அவர்களுக்கு அதுதான் சுலபம். அந்த மாதங்கள் எண்ணிக்கையில் வராது. வருமானத்தையொட்டிய திட்டத்தில் சேர்ந்தால், படித்து முடித்த முதல் வருடம் தவணை 0 டாலர் என்றுகூட வரலாம். அந்த 0 டாலரும் ஒரு தவணைதான். அப்படி வருமானத்தையொட்டி வந்த சேவ் என்ற திட்டத்தை 2024-ல் நீதிமன்றம் நிறுத்தியபின் அதிலேயே காத்திருந்தவர்களுக்கும் மாதங்கள் ஏறவில்லை.

அப்புறம், முழுச் சம்பளம் வந்ததும் வட்டி குறைவு என்று தனியார் வங்கியில் புதுக் கடன் வாங்கிப் பழையதை அடைத்து ரீஃபைனான்ஸ் செய்யாதீர்கள். செய்த அன்றே ஃபெடரல் கடன் முடிந்தது. திரும்ப வர வழியே இல்லை.

பெற்றோருக்கும் ஒன்று. பிள்ளையின் படிப்புக்காக உங்கள் பெயரில் வாங்கிய பேரன்ட் பிளஸ் என்ற ஃபெடரல் கடனுக்கு உங்கள் வேலையைத்தான் பார்ப்பார்கள், பிள்ளையின் வேலையை அல்ல. மகள் அரசுப் பள்ளி ஆசிரியை என்பதற்காக, கன்சல்டிங் கம்பெனியில் இருக்கும் அப்பாவின் கடன் தள்ளுபடியாகாது. கவுண்டி நூலகத்தில் முழுநேர வேலை பார்க்கும் அம்மா பெயரில் வாங்கியிருந்தால் ஆகியிருக்கும். சம்பளம் அதிகம் என்று பழக்கத்தில் அப்பா பெயரைப் போட்டுவிடுகிறோம். இந்தக் கடனுக்கு அவர்கள் சம்பளத்தைப் பார்ப்பதே இல்லை, கடன் வரலாற்றில் பெரிய கறை இல்லாவிட்டால் போதும். 2025-ல் வந்த சட்டம் இந்த வழியையும் ஏறக்குறைய அடைத்துவிட்டது. பழைய பேரன்ட் பிளஸ் கடனுக்கு வருமானத்தையொட்டிய திட்டம் வேண்டுமென்றால் 2026 ஜூலை 1-க்கு முன் கன்சாலிடேஷன் (பழைய கடனை ஒரே புதுக் கடனாக மாற்றுவது) முடிந்திருக்க வேண்டும். மனு போட்டால் மட்டும் போதாது, புதுக் கடன் கணக்கே திறந்திருக்க வேண்டும்.