சான்சல்: கேன்சலுக்கும் வேந்தருக்கும் சொந்தக்காரச் சொல்

சான்சல்னா சர்ச்சுல பலிபீடம் இருக்கிற கிழக்குப் பக்கத்து அறை. ஜனங்க நிக்கிற பெரிய கூடத்துக்கு நேவ்னு பேரு, ரெண்டுக்கும் நடுவுல ஒரு வளைவு. இங்கிலாந்து கிராமத்துல இடைக்காலத்துல கட்டுன சர்ச்சுக்கு அடிப்படை இது ரெண்டுதான், கோபுரம் பக்கக்கூடம் எல்லாம் பெரும்பாலும் ஊர்ல காசு புழங்குனப்ப பிற்பாடு சேத்துக் கட்டுனது. டர்ஹாம் பக்கம் எஸ்கோம்ப்னு ஒரு ஊர், அங்க ஏழாம் நூற்றாண்டு சர்ச் இன்னும் நிக்குது, பக்கத்துல இருந்த ரோமானியக் கோட்டைக் கல்லைத் தூக்கிட்டு வந்து கட்டுனதா சொல்வாங்க. நீளமா ஒடுக்கமா ஒரு கூடம், உயரமா குறுகலா ஒரு வளைவு, அதுக்கு அந்தப் பக்கம் சின்னதா சதுரமா ஒரு அறை. முடிஞ்சது.

இப்ப சொல்லுக்கு வருவோம். லத்தீன்ல கான்செல்லின்னா குறுக்கும் நெடுக்குமா சட்டம் அடிச்ச தடுப்பு, நம்ம கிராதி மாதிரி. அது பிரெஞ்சு வழியா இங்கிலீஷுக்கு வந்து சான்சல் ஆச்சு. அதாவது முதல்ல தடுப்புக்குத்தான் பேரு, அப்புறம் தடுப்புக்குப் பின்னாடி இருக்கிற இடத்துக்கே அந்தப் பேரு ஒட்டிக்கிச்சு. இதே கான்செல்லில இருந்துதான் கேன்சலும் வந்தது, எழுதுனது மேல குறுக்குக் கோடா கிழிச்சா கிராதி மாதிரி இருக்கும்ல, அதான். ரோமானியக் கோர்ட்டுல அந்தத் தடுப்புகிட்ட நின்ன சேவகனுக்கு கான்செல்லாரியஸ்னு பேரு, அவன் எழுத்தராகி, பெரிய அதிகாரியாகி, கடைசில யுனிவர்சிட்டி சான்சலர் ஆயிட்டான், அதைத்தான் நாம வேந்தர்னு சொல்றோம். வாசக்காவலுக்கு நின்னவனுக்கு நல்ல ப்ரமோஷன்!

இந்தத் தடுப்பு சும்மா அழகுக்கு இல்ல. 1215ல நாலாவது லாத்தரன் சங்கம்னு கத்தோலிக்கத் திருச்சபையோட பெரிய கூட்டம் கூடி, பூசைல வைக்கிற அப்பமும் திராட்சை ரசமும் உண்மையாவே கிறிஸ்துவோட உடலும் ரத்தமுமா மாறுதுன்னு உறுதியா சொல்லிடுச்சு, அதுக்கப்புறம் பீடத்துப் பக்கத்துக்கு மரியாதை கூடிப்போய் அந்த நூற்றாண்டுல நிறைய ஊர்ல பழைய குட்டி சான்சலை இடிச்சுட்டு நீளமா கட்டுனாங்க. குருவானவர் வந்துபோக தெற்குச் சுவர்ல தனி வாசல், பாத்திரம் கழுவுன தண்ணி ஊத்த சுவர்லயே ஒரு கல் தொட்டி, உக்கார சுவரைக் குடைஞ்சு இருக்கைகள். வளைவுக்குக் குறுக்க ஆளுயரத்துக்கும் மேல ஒரு மரத்தடுப்பு, அதுக்கு ரூட் ஸ்க்ரீன்னு பேரு, ரூட்னா பழைய இங்கிலீஷ்ல சிலுவை. தடுப்பு மேல பெரிய சிலுவை, ரெண்டு பக்கமும் மரியாளும் யோவானும், கீழ்ப்பலகைல புனிதர்கள் படம். நார்ஃபோக்ல ரான்வொர்த்ங்கிற ஊர்ல 15ம் நூற்றாண்டுத் தடுப்பு இன்னும் வண்ணத்தோட இருக்கு.

மத்த ஊர்ல அப்படித் தப்பல. இங்கிலாந்து புராட்டஸ்டன்ட் பக்கம் சாஞ்சப்ப, 1540கள் கடைசில சிலைகளை எடுக்கச் சொல்லி உத்தரவு, நடுவுல கத்தோலிக்கரான மேரி ராணி திரும்ப வைக்கச் சொன்னாங்க, அப்புறம் 1561ல எலிசபெத் காலத்துல தடுப்பு மேல பரண் மாதிரி இருந்த மேல்தளத்தை இறக்கிடுங்க, ஆனா கீழ்த்தடுப்பு இருக்கட்டும்னு இன்னொரு உத்தரவு. அதனால இப்பவும் பல சர்ச்சுல சுவருக்குள்ள ஒரு குறுகல் படிக்கட்டு ஏறும், மேல போனா ஒண்ணுமே இருக்காது. சஃபோக்ல வென்ஹாஸ்டன்ல வளைவுக்கு மேல பலகைல வரைஞ்சிருந்த நியாயத்தீர்ப்பு ஓவியத்தை வெள்ளையடிச்சு மறைச்சுட்டாங்க, 1892ல ஏதோ பழைய பலகைன்னு கழட்டி வெளிய போட்டப்ப ராத்திரி மழைல சுண்ணாம்பு கரைஞ்சு ஓவியம் எட்டிப் பாத்துச்சு.

தடுப்பு சொத்தையும் பிரிச்சது, எனக்கு இதுதான் ரொம்ப சுவாரசியம். நேவ் ஊர்க்காரங்க பொறுப்பு, சான்சல் ரெக்டர் பொறுப்பு, தசமபாகம், அதாவது ஊர் விளைச்சல்ல பத்துல ஒரு பங்கு, வாங்குறவர் அவர்தானே. நிறைய ஊர்ல மடங்களே ரெக்டரா இருந்துச்சு, எட்டாம் ஹென்றி மடங்களைக் கலைச்சதும் நிலமும் தசமபாக உரிமையும் தனியாள் கைக்குப் போச்சு, கூடவே சான்சல் கூரை ஒழுகுனா சரிபண்ற கடமையும் அவங்க தலைல விழுந்துச்சு. அது இன்னும் சாகல! வாரிக்ஷயர்ல ஆஸ்டன் கான்ட்லோங்கிற ஊர்ல ஒரு பண்ணை நிலத்துக்காரங்ககிட்ட 95 ஆயிரம் பவுண்டுக்கு மேல கேட்டு கேஸ் அப்ப உச்ச கோர்ட்டா இருந்த பிரபுக்கள் சபை வரைக்கும் போய் 2003ல நிலத்துக்காரங்க தோத்தாங்க. 2013 அக்டோபருக்கு அப்புறம் நிலம் வாங்குறவங்களை, பதிவுல இந்தக் கடமை ஏறலைன்னா, பொதுவா கேக்க முடியாதுன்னு ஆச்சு.

சரி, தமிழ்ல என்ன சொல்றது? கருவறைன்னு எழுதுறவங்க உண்டு, எனக்கு ஒப்பல, கருவறைல சாமி சிலை இருக்கணும், இங்க அப்படி இல்லியே. மகா பரிசுத்த ஸ்தலம்னு போட்டா பைபிள் படிச்சவங்களுக்கு எருசலேம் தேவாலயம்தான் ஞாபகம் வரும். கத்தோலிக்கர் சொல்ற பீடமுற்றம் நல்லா பொருந்துது, ஆனா அதுல தடுப்புங்கிற மூலப்பொருள் இல்ல. மூலத்தைப் பிடிக்கணும்னா கிராதின்னு போகலாம்னா அது தமிழே இல்ல, ஜன்னல் சாவி மாதிரி போர்ச்சுகீஸ்ல இருந்து வந்தது. சுத்தத் தமிழ்ல அதுக்கு அழின்னு பேரு, அழிக்கம்பி அழிக்கதவுன்னு சொல்றோமே அந்த அழி. வேடிக்கை என்னன்னா லத்தீன்ல தடுப்புச் சொல்லே கேன்சல் ஆச்சு, தமிழ்ல தடுப்புக்கும் அழி, துடைச்சு எடுக்கறதுக்கும் அழி! ஆனா இது தற்செயல்தான், லத்தீனுக்கே தமிழ்தான் மூலம்னு கிளம்பிடாதீங்க.

என் கணக்குல சான்சலுக்கு பீடமுற்றம், நேவுக்கு சபைக்கூடம், ரூட் ஸ்க்ரீனுக்கு சிலுவை அழி. அந்தச் சட்டக் கடமைக்கு பீடமுற்ற மராமத்துப் பொறுப்பு, மராமத்து தமிழ் இல்லதான், ஆனா பொதுப்பணித்துறை போர்டுல பாத்த எல்லாருக்கும் புரியும்.