மூட்டை என்றால் எத்தனை கிலோ? குத்தகைச் சீட்டு எழுதும் முன்

ஏக்கருக்கு எட்டு மூட்டை நெல் என்று பேசி, ஐந்து ஏக்கர் நஞ்சையைக் குத்தகைக்கு விட்டிருந்தார் ஒரு பெரியவர். மூன்று வருஷம் எந்தச் சிக்கலும் இல்லை. நாலாவது வருஷம் பெரியவர் தவறிப்போக, மகன் பொறுப்புக்கு வந்தார். அவர் கணக்கில் மூட்டை என்றால் 75 கிலோ. சாகுபடி செய்தவரோ இத்தனை நாளும் 60 கிலோ மூட்டையாக அளந்துவந்தவர். நாற்பது மூட்டைக்கு 600 கிலோ வித்தியாசம். மகன் அதைப் பாக்கி என்றார், மற்றவர் அநியாயம் என்றார். இரண்டு பேருமே உண்மையைத்தான் சொன்னார்கள். பேச்சு முடித்த அன்றைக்கு எடையைப் பற்றி யாரும் வாய் திறக்கவில்லை, அவ்வளவுதான்.

காவிரி டெல்டாவில் பல ஆண்டுகளாக வழக்கறிஞராக இருக்கிறேன். வருவாய் நீதிமன்றத்துக்கு நான் எடுத்துச் சென்ற குத்தகை வழக்குகளில் பாதிக்கு மேல் இந்த மாதிரிதான். ஏமாற்ற நினைத்தவர்கள் குறைவு. பேசாமல் விட்டவர்கள்தான் அதிகம். அதனால் ஆடி மாதம் நாற்றங்கால் விடும் முன்பே இதை எழுதிவிட வேண்டும் என்று நினைத்தேன்.

ஏன் எழுதிக்கொள்வதில்லை என்று கேட்டால் நில உரிமையாளர்கள் எல்லோரும் ஒரே பதிலைச் சொல்வார்கள். "எழுதிக் கொடுத்தா நிலம் போயிடும் சார்." இந்தப் பயத்தை நான் சிரித்து ஒதுக்க மாட்டேன், அதற்குக் காரணம் இருக்கிறது. 1955ஆம் ஆண்டின் தமிழ்நாடு பயிரிடும் குத்தகைதாரர் பாதுகாப்புச் சட்டப்படி, தன் உடலுழைப்பையோ குடும்பத்தாரின் உழைப்பையோ போட்டுப் பயிர் செய்யும் குத்தகைதாரரை உரிமையாளர் நினைத்தபோது வெளியேற்ற முடியாது. குத்தகை பாக்கி வைத்தது, நிலத்தைப் பாழாக்கியது, விவசாயம் அல்லாத வேலைக்குப் பயன்படுத்தியது, உரிமையாளரின் உரிமையையே மறுத்தது என்று சில காரணங்களுக்கு மட்டுமே, அதுவும் வருவாய்த் துறை அதிகாரி முன் மனு போட்டுத்தான் வெளியேற்றலாம். பாக்கியைக் கட்ட அந்த அதிகாரி அவகாசமும் கொடுக்கலாம்.

ஆனால் இந்தப் பயத்தில் ஒரு தவறு ஒளிந்திருக்கிறது. வாய்ப்பேச்சாக விட்டால் அந்த உரிமை வராது என்று நினைக்கிறார்கள். சட்டம் அப்படிச் சொல்லவில்லை. எழுதியிருந்தாலும் எழுதாவிட்டாலும், உழைத்துப் பயிர் செய்பவர் குத்தகைதாரர்தான். உர ரசீது, கொள்முதல் நிலைய ரசீது, பக்கத்து வயல்காரரின் சாட்சி என்று அவர் கொண்டுவந்து நிறுத்துவார். பதினொரு மாதம் என்று எழுதி வருஷாவருஷம் புதுப்பித்தாலும், பயிர் செய்கிறவருக்குச் சட்டம் கொடுத்த பாதுகாப்பு அந்தத் தாளால் மறைந்துவிடாது. ஆக, எழுதாமல் விட்ட உரிமையாளருக்குக் கடைசியில் மிஞ்சுவது எவ்வளவு குத்தகை, எதுவரை பாக்கி என்று நிரூபிக்க வழியில்லாத நிலைமை மட்டும்தான். யாருக்கு விடுகிறோம், எத்தனை காலத்துக்கு என்பதை விடும் முன் நன்றாக யோசியுங்கள். விட்ட பிறகு எழுத்தைத் தவிர்ப்பது உங்களைக் காப்பாற்றாது.

குத்தகைதாரர் பக்கமும் ஒரு பயம் உண்டு. தாள் கேட்டால் நிலம் வேறு ஆளுக்குப் போய்விடும் என்பது அவர் கவலை. அதனால் கேட்கவே மாட்டார். அதன் விலை என்ன என்பதை 2021 ஜனவரியில் பார்த்தோம்.

அந்த மாதம் அறுவடைக்கு நின்ற சம்பா மழையில் சாய்ந்து வயலிலேயே முளைத்துவிட்டது. ஹெக்டேருக்கு 20,000 ரூபாய் என்று அரசு நிவாரணம் அறிவித்தது. ஒரு ஓய்வுபெற்ற ஆசிரியை, சென்னையில் மகளோடு இருப்பவர். அவருடைய மூன்று ஏக்கரை ஊரில் ஒருவர் பத்து வருஷமாகச் சாகுபடி செய்கிறார். உழவு, விதை, நடவு, களை, உரம் எல்லாம் அவர் கைக்காசும் நகைக்கடனும். எந்த வயலில் யார் என்ன பயிர் செய்கிறார் என்று கிராமத்தில் எழுதிவைக்கும் அடங்கல் கணக்கில் இருந்ததோ டீச்சரின் பெயர். நிவாரணம் டீச்சரின் வங்கிக் கணக்கில் வந்து விழுந்தது. பயிர்க் காப்பீடும் அப்படியே. பிரதமர் பயிர்க் காப்பீட்டுத் திட்டத்தில் குத்தகை விவசாயிகளும் சேரலாம், ராபி பருவத்துக்கு விவசாயியின் பங்கு காப்பீட்டுத் தொகையில் 1.5 சதவீதம்தான். ஆனால் தான் சாகுபடி செய்வதைக் காட்ட அவர் கையில் எந்த ஆவணமும் இல்லாததால், பிரீமியத்தைத் தன் பணத்தில் கட்டி, டீச்சர் பெயரில் பதிந்திருந்தார்.

டீச்சர் பணத்தை அமுக்க நினைக்கவில்லை. நிலத்துக்கு வந்த பணம் நிலத்துக்காரருக்கு என்று உண்மையிலேயே நம்பினார். "குத்தகையே வரலையே, இதையாவது எடுத்துக்கக் கூடாதா?" என்று கேட்டார். அந்தப் பக்கம் சாகுபடி செய்தவர், "டீச்சரம்மா, முளைச்சுப்போனது என் நெல்லும்மா" என்று சொல்லிவிட்டு அப்புறம் பேசவே இல்லை. பத்து வருஷ உறவு. பொங்கலுக்குப் பச்சரிசி அனுப்புகிறவர் அவர்.

இதில் என் கருத்து தெளிவானது. நிவாரணமும் காப்பீடும் சாகுபடிச் செலவை இழந்தவருக்குச் சேர வேண்டும். நிலம் அடுத்த போகத்துக்கு அப்படியே இருக்கும். போட்ட விதையும் உரமும் இருக்காது. அதே சமயம், குத்தகை வராத வருஷத்தில் உரிமையாளர் என்ன செய்வார் என்பதும் நியாயமான கேள்விதான். அதற்கான இடம் சீட்டில் ஒரு வரி: பயிர் மூன்றில் ஒரு பங்குக்கு மேல் சேதமானதாகக் கணக்கெடுப்பில் வந்தால் குத்தகை எவ்வளவு குறையும், முழுதும் போனால் தள்ளுபடியா, அல்லது அடுத்த போகத்தில் பாதி சேர்த்து அளப்பதா. அரசு நிவாரணத்துக்கும் 33 சதவீதச் சேதம்தான் அளவுகோல். அதையே நீங்களும் வைத்துக்கொண்டால் தனியாக யாரும் வந்து வயலை அளக்க வேண்டியதில்லை.

குத்தகை அளவைப் பற்றியும் சொல்ல வேண்டும். 1956ஆம் ஆண்டின் நியாயக் குத்தகைச் சட்டம் திருத்தங்களுக்குப் பிறகு, சாதாரண மகசூலில் 25 சதவீதத்தை நியாயக் குத்தகையாக வைத்திருக்கிறது. ஏக்கருக்கு 60 கிலோ மூட்டையில் முப்பது கண்டால், ஏழரை மூட்டை. உங்கள் ஊர் வழக்கம் இதற்கு மேல் போனால், அதைத் தாங்குவது குத்தகைதாரரின் கூலியில்லா உழைப்புதான் என்பதை உரிமையாளர்கள் மனதில் வைக்க வேண்டும்.

எதில் அளப்பது என்பதையும் எழுதுங்கள். நெல்லாக என்றால் எந்த ரகம், மூட்டை எத்தனை கிலோ, காய்ந்த நெல்லா, களத்தில் அடித்த ஈர நெல்லா? கொள்முதல் நிலையத்தில் 17 சதவீத ஈரப்பதம் பார்ப்பார்கள், அதையே எழுதிக்கொள்ளலாம். ரொக்கம் என்றால் எந்தத் தேதி விலை? நிலத்தின் அளவை மா, குழி என்று மட்டும் எழுதாதீர்கள். இங்கே நூறு குழி ஒரு மா, மூன்று மா ஏறக்குறைய ஒரு ஏக்கர். வேறு பக்கம் குழியின் அளவே மாறும். சர்வே எண், உட்பிரிவு, ஹெக்டேர் கணக்கு, நான்கெல்லை, நான்கும் வேண்டும்.

போர்வெல் இருந்தால் மோட்டார் காயில் எரியும்போது யார் செலவு, வரப்போரத் தென்னையின் காய் யாருக்கு, வைக்கோல் யாருக்கு, வாய்க்கால் யார் வெட்டுவது. இவை சின்ன விஷயங்கள்தான். ஆனால் கைகலப்பு வரை போன வழக்கு ஒன்று வைக்கோலில் தொடங்கியது. பத்திரம் எழுதுகிற சிலர் வீட்டு வாடகை ஒப்பந்தத்தையே பெயர் மாற்றித் தட்டிக் கொடுக்கிறார்கள். அதில் இதெல்லாம் எங்கே வரும்? உங்கள் சீட்டை உங்கள் வயலைப் பார்த்து எழுதச் சொல்லுங்கள்.

1955ஆம் ஆண்டுச் சட்டமே குத்தகைச் சீட்டை மூன்று பிரதியாக எழுதச் சொல்கிறது. ஒன்று உரிமையாளருக்கு, ஒன்று குத்தகைதாரருக்கு, மூன்றாவது பதினைந்து நாளுக்குள் தாலுகா அலுவலகத்தில். இது பலருக்குத் தெரிவதே இல்லை. ஓராண்டுக்கு மேற்பட்ட குத்தகையாகவோ, வருஷக் குத்தகை என்று குறிப்பிட்டதாகவோ இருந்தால் பதிவுச் சட்டப்படி சார்பதிவாளர் அலுவலகத்தில் பதிவும் தேவை. குத்தகைதாரர் 1969ஆம் ஆண்டுச் சட்டப்படி குத்தகை உரிமைப் பதிவேட்டில் பெயர் சேர்க்கவும் மனு செய்யலாம். அப்போது உரிமையாளருக்கும் தகவல் அனுப்பி, விசாரித்துத்தான் முடிவு செய்வார்கள்.

அளந்த நெல்லுக்கு ரசீது வாங்குங்கள். ஒரு நோட்டில் தேதி, மூட்டை, எடை எழுதி இரண்டு பேரும் கையெழுத்துப் போட்டாலே போதும். உரிமையாளர் வாங்க மறுத்தால், "அவர்தான் வாங்கலையே" என்று சும்மா இருந்துவிடாதீர்கள். குத்தகையை நீதிமன்றத்தில் கட்ட சட்டத்தில் வழி உண்டு. கட்டாமல் விட்டது பின்னால் பாக்கியாகத் திரும்பி வரும்.

டீச்சரும் அவர் நிலத்தைச் சாகுபடி செய்பவரும் பங்குனியில் என் அலுவலகத்தில் வந்து உட்கார்ந்தார்கள். நிவாரணத்தில் முக்கால் பங்கு சாகுபடி செய்தவருக்கு என்று பேசி முடிந்தது. அடுத்த போகத்துக்குச் சீட்டு எழுதினோம். 60 கிலோ மூட்டை, ஏக்கருக்கு ஏழு, காய்ந்த நெல். காப்பீடு சாகுபடி செய்பவர் பெயரில். அதற்கு வேண்டிய சம்மதக் கடிதத்தை டீச்சர் அங்கேயே தன் கையால் எழுதினார். வைக்கோலைப் பற்றி நான் கேட்டபோது, "அது மாட்டுக்கு, அதை எதுக்கு எழுதணும்" என்றார். எழுதிவிட்டோம்.