படிகமாதல் வேற, படிகமாக்கல் வேற: கிரிஸ்டலைசேஷன்ங்கற சொல்லைப் பிரிச்சுப் பார்ப்போம்

கிரிஸ்டலைசேஷனுக்கு தமிழ்ல என்னன்னு கேட்டா படிகமாக்கல்னு டக்குனு சொல்லிடுவோம், ஸ்கூல்லயே மனப்பாடம் பண்ணின சொல். ஆனா அந்த ஒரு இங்கிலீஷ் சொல்லுக்குள்ள ரெண்டு சங்கதி இருக்கு. ஒண்ணு, கரைசல்ல இருந்தோ உருகின நிலையில இருந்தோ ஒரு பொருள் தானாவே ஒழுங்கான திண்மமா மாறுறது. இன்னொண்ணு, அதையே நாம ஒரு வேலையா எடுத்து ஒரு பொருளைச் சுத்தப்படுத்துறதுக்காகச் செய்யறது. முதலாவது படிகமாதல், ரெண்டாவது படிகமாக்கல். ஆதல், ஆக்கல்னு தமிழ் இவ்வளவு எளிமையா பிரிச்சுக் குடுக்குறப்போ நாம எல்லாத்துக்கும் படிகமாக்கல்னே போடறோம், "பூமிக்கடியில பாறைக்குழம்பு படிகமாக்கல் அடைந்தது"ன்னெல்லாம் எழுதறாங்க, அங்க யாரு உக்காந்து ஆக்கினாங்க? படிகமானதுன்னு சொன்னா போதும்.

சரி, சொல் எங்கிருந்து வந்துச்சு? கிரிஸ்டல்ங்கறதுக்கு மூலம் கிரேக்கத்துல கிருஸ்டல்லோஸ், அதுக்கு முதல் அர்த்தம் பனிக்கட்டி. குளிர், உறைபனின்னு பொருள் தர்ற சொல்லோட உறவு. மலைகள்ல கிடைச்ச நிறமில்லாத குவார்ட்ஸ் கல்லைப் பார்த்து, இது ரொம்பக் கடுமையான குளிர்ல இறுகி இனிமே உருகவே உருகாத பனிக்கட்டின்னு அந்தக் காலத்துல நம்பினாங்க, முதலாம் நூற்றாண்டு ரோமானியர் பிளினியும் அப்படித்தான் எழுதி வச்சிருக்கார். குவார்ட்ஸைப் பத்தி அது தப்பு, ஆனா பனிக்கட்டியும் நிஜமாவே ஒரு படிகம்தான், தண்ணி உறையறதும் படிகமாதல்தான். அதனால அந்தத் தப்பான நம்பிக்கைக்குள்ள ஒரு சரியான கவனிப்பு இருந்திருக்குன்னு எனக்குத் தோணும்.

நம்ம பக்கம் ரெண்டு சொல் இருக்கு, படிகம், பளிங்கு. படிகம்ங்கறது வடமொழி ஸ்படிகம், முதல்ல இருக்கற ஸ் தமிழ் நாக்குக்கு ஒத்து வராததால உதிர்ந்து போச்சு. பளிங்கும் அதே சொல்லோட பிராகிருத வடிவத்துல இருந்து வந்ததுன்னு ஒரு சாரார் சொல்றாங்க, இல்ல அது பளபளப்பு, பளிச்சுங்கறதோட சேர்ந்த தமிழ் வேர்தான்னு இன்னொரு சாரார் சொல்றாங்க. எதுவா இருந்தாலும் அது பழைய சொல், "அடுத்தது காட்டும் பளிங்குபோல்"னு குறள்லயே (706) வந்துடுச்சு, பக்கத்துல இருக்கறதை அப்படியே காட்டற தெளிவான கல்லுங்கற அர்த்தத்துல. இலங்கைத் தமிழ்ப் பாடப்புத்தகங்கள்ல இன்னைக்கும் பளிங்கு, பளிங்காக்கல்னுதான் படிக்கறாங்க, தமிழ்நாட்டுப் பாடப்புத்தகங்கள்ல படிகம், படிகமாக்கல். ரெண்டுமே சரி. ஆனா தமிழ்நாட்டுல பளிங்குன்னா உடனே மார்பிள் தரைதான் ஞாபகம் வரும், அதனால குழப்பம் வேணாம்னா படிகம்னே சொல்லலாம்ங்கறது என் கருத்து. கிரிஸ்டல் கிளாஸ்னு விக்கற கண்ணாடிப் பாத்திரம் இன்னொரு குழப்பம், கண்ணாடிக்குள்ள அணுக்கள் எந்த நீண்ட ஒழுங்கும் இல்லாம இருக்கும், அது எவ்வளவு மின்னினாலும் படிகம் இல்ல.

படிகாரமும் இந்த ஸ்படிகக் குடும்பத்தைச் சேர்ந்த சொல்தான். பொட்டாஷ் படிகாரத்தை வெந்நியில கரைச்சு அசைக்காம வச்சா எட்டு முகம் இருக்கற அழகான படிகம் வளரும், பேருக்குப் பொருத்தமான பொருள்.

இங்க ஒரு பொய்ப் பிரிப்பைச் சொல்லியே ஆகணும். படி, படிதல்ங்கற தமிழ் வினையில இருந்து படிகம் வந்துச்சு, கீழ படியறதால படிகம்னு நிறைய பேர் விளக்கம் குடுக்கறாங்க. கேக்க நல்லா இருக்கு, ஆனா சொல் வரலாறும் அது இல்ல, வேதியியலும் அது இல்ல. சேறு அடியில படியறது வெறும் எடையால நடக்கறது, அதுல எந்தத் தேர்வும் கிடையாது. ரெண்டு கரைசலைக் கலந்ததும் பொலபொலன்னு கீழ இறங்குதே, அதுக்கு வீழ்படிவுன்னு தனியா பேர் இருக்கு, அதுக்குள்ள குட்டிக் குட்டிப் படிகம் இருக்கலாம், ஆனா அவசரத்துல வர்றதால கூட இருக்கற அழுக்கையும் சேர்த்து வாரிக்கிட்டு வரும். படிகம் வளர்றதோ அதுக்கு நேர் எதிர், அது பொறுக்கி எடுக்கற வேலை. ஒவ்வொரு மூலக்கூறும் வளர்ற பரப்புல வந்து ஒட்டும், இடம் சரியா பொருந்தலைன்னா திரும்பக் கழண்டு கரைசலுக்கே போயிடும், பொருந்தினது மட்டும் நிக்கும். வேற அளவு, வேற வடிவம், வேற மின்சுமை இருக்கற அழுக்கு மூலக்கூறுக்கு அந்த வரிசையில இடமே இருக்காது. சுத்தப்படுத்தறதோட ரகசியம் மொத்தமும் இதுதான், வடிகட்டித் தாள் செய்ய முடியாததை அணிக்கோவை செய்யுது (படிகத்துக்குள்ள துகள்கள் திரும்பத் திரும்ப ஒரே மாதிரி அடுக்கியிருக்கற வரிசைக்குத்தான் அந்தப் பேர்).

படிகம் வளரணும்னா கரைசல் முதல்ல தெவிட்டணும். இந்தச் சொல் எனக்கு ரொம்பப் பிடிக்கும். தெவிட்டிய கரைசல்னா அந்த வெப்பநிலையில இதுக்கு மேல கரைக்க முடியாதுங்கற நிலை, இலங்கையில நிரம்பிய கரைசல்னு சொல்வாங்க. சூடான தெவிட்டிய கரைசலை மெதுவா ஆற வச்சா, கரைஞ்சிருக்க வேண்டிய அளவை விட அதிகமாவே கொஞ்ச நேரம் கரைஞ்சு நிக்கும், அது மீத்தெவிட்டிய கரைசல். அந்த நிலை நிலைக்காது, ஒரு சின்னத் தூசி, கண்ணாடிக் கம்பியால பாத்திரத்து உள்பக்கத்துல ஒரு கீறல், இல்ல ஏற்கனவே இருக்கற ஒரு துளிப் படிகம், இதுல ஏதாவது ஒண்ணு போதும், அங்க முதல் கரு உருவாகி அதைச் சுத்தி வளர ஆரம்பிச்சிடும். நாமளா போடற அந்தத் துளிக்கு வித்துப் படிகம்னு பேர். கருக்கள் குறைவா இருந்து நேரம் நிறைய இருந்தா படிகங்கள் பெருசாவும் சுத்தமாவும் வரும், ஒரே நேரத்துல ஆயிரக்கணக்கா கரு உருவானா பொடிதான் கிடைக்கும்.

ஒரு கணக்கு போட்டுப் பார்த்தா இன்னும் தெளிவாகும். வெடியுப்புன்னு சொல்ற பொட்டாசியம் நைட்ரேட் 100 கிராம் இருக்கு, அதோட கூடுதலா 5 கிராம் சாப்பாட்டு உப்பு அழுக்கா கலந்திருக்கு. 100 கிராம் தண்ணியில 60 டிகிரி செல்சியஸ்ல போட்டா மொத்தமும் கரைஞ்சிடும், ஏன்னா அந்தச் சூட்டுல வெடியுப்பு சுமார் 110 கிராம் வரைக்கும் கரையும். இப்போ 20 டிகிரிக்கு ஆற விடுங்க, அங்க சுமார் 32 கிராம்தான் கரைஞ்சு நிக்கும், மீதி 68 கிராம் படிகமா வெளிய வந்துடும். சாப்பாட்டு உப்புக்கு 20 டிகிரியிலயும் சுமார் 36 கிராம் வரைக்கும் இடம் இருக்கு, வெறும் 5 கிராம் அது வெளிய வர ஒரு காரணமும் இல்ல, தண்ணியிலேயே தங்கிடும். பனிக்கட்டியில வச்சு 0 டிகிரிக்குக் கொண்டு போனா கரைஞ்சு நிக்கறது சுமார் 13 கிராமா குறையும், 87 கிராம் கிடைக்கும். முழு 100 கிடைக்காது, அந்த இழப்பை ஒத்துக்கிட்டுத்தான் இந்த வேலையில இறங்கணும்.

படிகத்தை வடிச்சு எடுத்தப்புறம் மிச்சம் நிக்கற திரவத்துக்கு தாய்க் கரைசல்னு பேர். அழுக்கு மொத்தமும் அதுலதான் இருக்கும், அதனால படிகத்து மேல ஒட்டியிருக்கற தாய்க் கரைசலை குளிர்ந்த கரைப்பான் கொஞ்சமா ஊத்திக் கழுவணும், சூடா ஊத்தினா படிகமே கரைஞ்சு போயிடும். படிச்ச காலத்துல ஆய்வகத்துல பென்சாயிக் அமிலத்தைச் சுத்தம் பண்ணறப்போ நேரமாச்சேன்னு சூடான குடுவையை நேரா ஐஸ்ல வச்சுட்டேன், பளபளன்னு ஊசி ஊசியா வர வேண்டியது மொத்தமும் மாவு மாதிரி இறுகிப் போச்சு, இடுக்குகள்ல தாய்க் கரைசல் மாட்டிக்கிச்சு, உருகுநிலை பார்த்தா 122 டிகிரியில சட்டுனு உருகாம அதுக்குக் கீழ இருந்தே கசிய ஆரம்பிச்சது. திரும்பக் கரைச்சு திரும்பப் பண்ணினேன், அதுக்குப் பேர் மறுபடிகமாக்கல். அன்னைக்குத்தான் மெதுவாங்கற வார்த்தை செய்முறையில ஏன் இருக்குன்னு புரிஞ்சது.

ஆற வைக்கற வழி எல்லாத்துக்கும் ஒத்து வராது. சாப்பாட்டு உப்பு கொதிக்கற தண்ணியிலயே சுமார் 39 கிராம்தான் கரையும், 20 டிகிரிக்கும் அதுக்கும் பெரிய வித்தியாசமே இல்ல, ஆற வச்சா பேருக்குக் கொஞ்சம்தான் வரும். அதுக்கு தண்ணியை ஆவியாக்கறதுதான் வழி. ஒரு லிட்டர் கடல் தண்ணியில சுமார் 35 கிராம் உப்புகள் இருக்கு, அதோட அளவு ஏறக்குறைய பத்துல ஒரு பங்கா சுண்டினதுக்கு அப்புறம்தான் சாப்பாட்டு உப்பு வெளிய வரும். அதுக்கு முன்னாடியே ஜிப்சம் தனியா வந்துடும், கடைசியில மெக்னீசியம் உப்புகள் கசப்பு நீரா நிக்கும், அதை உலர விடாம வெளிய விட்டுடணும். இந்த வேலைக்கு நம்ம ஜனங்க சொல்ற சொல் என்னன்னா, உப்பு விளையுது. படிகமாதலுக்கு இதை விட நல்ல வினை இருக்கான்னு தெரியல, வித்து, வளர்ச்சி, விளைச்சல்னு எல்லாம் சேர்ந்து வருது.

அழுக்கு மூலக்கூறு பார்க்க அசல் மாதிரியே இருந்தா என்ன ஆகும்? அப்போ அணிக்கோவை ஏமாந்துடும், ரெண்டையும் உள்ள விட்டுடும். ரேடியத்துக்கும் பேரியத்துக்கும் இதே கதைதான். மேரி கியூரி டன் கணக்குல பிட்ச்பிளெண்ட்ங்கற யுரேனியத் தாதுவோட கழிவைப் பிரிச்சப்போ ரேடியம் பேரியத்தோடவே ஒட்டிக்கிட்டு வந்தது. ரேடியம் குளோரைடு பேரியம் குளோரைடை விடக் கொஞ்சம் குறைவா கரையும், அந்தச் சின்ன வித்தியாசத்தை வச்சு, கரைச்சு படிகமாக்கி, படிகத்தைத் திரும்பக் கரைச்சு படிகமாக்கின்னு ஆயிரக்கணக்கான தடவை செஞ்சு, 1902ல சுமார் 0.1 கிராம் ரேடியம் குளோரைடு எடுத்தாங்க. இப்படிப் படிப்படியா பிரிக்கறது பின்னப் படிகமாக்கல். இந்த இடத்துல படிகமாக்கல்ங்கற சொல்லை மனசார எழுதலாம், ஆக்கினது ஒரு மனுஷி.

1926ல ஜேம்ஸ் சம்னர்ங்கற அமெரிக்க வேதியியலாளர் வாள் அவரை மாவுல இருந்து யூரியேஸ்ங்கற நொதியைப் படிகமா எடுத்துக் காட்டினார். நொதி ஒரு புரதம்தான்னு அவர் வாதாடறதுக்கு அந்தப் படிகம்தான் ஆதாரம், ஏன்னா படிகமா வர்ற அளவுக்கு அது சுத்தமா இருந்துச்சு. அதுக்கு 1946ல வேதியியல் நோபல்ல பங்கு கிடைச்சது.

சுத்தம்னு சொல்றப்போ படிகநீரை மறந்துடக் கூடாது. மயில்துத்தம் நீலமா இருக்கே, அந்த ஒவ்வொரு காப்பர் சல்பேட்டோடயும் 5 தண்ணி மூலக்கூறு வரிசையில இடம் பிடிச்சு உக்காந்திருக்கு, சூடு பண்ணினா தண்ணி போய் வெள்ளைப் பொடி ஆயிடும். அந்தத் தண்ணி அழுக்கு இல்ல, ஈரமும் இல்ல, படிகத்தோட பாகம்.

ஆதல், ஆக்கல் வித்தியாசம் எவ்வளவு தூரம் போகும்ங்கறதுக்கு ரிடோனாவிர்னு ஒரு எச்.ஐ.வி. மருந்து இருக்கு. 1996ல கேப்சூலா சந்தைக்கு வந்துச்சு, அதுக்குன்னு ஒரு படிக வடிவத்தைத் தெரிஞ்சு வச்சு படிகமாக்கிட்டு இருந்தாங்க. 1998ல அதே மூலக்கூறு வேற மாதிரி அடுக்கின இன்னொரு படிக வடிவம், யாரும் கேக்காம, தானா தலைகாட்டிச்சு. அது பழசை விட நிலையானது, ஆனா கரையற அளவு ரொம்பக் குறைவு, அதனால கேப்சூல் வேலைக்கு ஆகாமப் போய் சந்தையில இருந்து திரும்ப எடுத்தாங்க. அந்தப் புது வடிவத்துல ஒரு துகள் இருந்தாலே அது வித்துப் படிகமா வேலை செஞ்சு பழைய வடிவத்தை வர விடாம பண்ணிடுச்சு, கடைசியில மருந்தையே வேற மாதிரி தயாரிச்சு குளிர்ல வைக்கற கேப்சூலா கொண்டு வந்தாங்க. அவங்க செஞ்சது படிகமாக்கல், உள்ள நடந்தது படிகமாதல்.