பிறபொருளெதிரி: கேஐ-67-ஐ முன்வைத்து ஒரு சொல் விளக்கம்

புற்றுநோய்க் கட்டியின் நோயியல் அறிக்கையில் 'கேஐ-67: 20%' என்பது போன்ற வரியைப் பலர் பார்த்திருப்பார்கள். கேஐ-67 என்பது பிரிந்து பெருகும் சுழற்சியில் உள்ள உயிரணுக்களின் உட்கருவில் இருக்கும் புரதம். ஓய்வு நிலைக்குப் போய்விட்ட உயிரணுவில் அது காணப்படுவதில்லை. ஆனால் இந்தப் பெயர் முதலில் புரதத்துக்கு இட்டதன்று, அதைப் பற்றிக்கொள்ளும் ஆன்டிபாடி என்னும் நோயெதிர்ப்புப் புரதத்துக்கு இட்டது. 1983இல் அதை அறிவித்த ஆய்வாளர்கள் ஜெர்மனியின் கீல் நகரில் பணியாற்றியவர்கள். ஊர்ப்பெயரின் முதல் இரண்டு ஆங்கில எழுத்துகளும், 96 குழிகள் கொண்ட வளர்ப்புத் தட்டில் அந்த ஆன்டிபாடியைச் சுரந்த உயிரணு நகல் (குளோன்) கிடந்த குழியின் எண்ணும் சேர்ந்ததே கேஐ-67. ஊரும் எண்ணுமாக அமைந்த பெயரைத் தமிழாக்க வேண்டியதில்லை.

தமிழாக்க வேண்டியது 'ஆன்டிபாடி' என்பதைத்தான். ஜெர்மன் மருத்துவ ஆய்வாளர் பால் எர்லிக் 1891இல் தம் மொழியில் கையாண்ட 'ஆன்டிகோர்ப்பர்' என்ற சொல்லின் ஆங்கில வடிவம் இது. 'ஆன்டி' என்றால் எதிர். 'கோர்ப்பர்' உடலையும் குறிக்கும், பொருளையும் குறிக்கும். இங்கே பொருள் என்பதே கருத்து என்பதால் 'எதிருடல்' என்று பெயர்ப்பது பிழை. 'எதிர்ப்பொருள்' என்பது பரவலாக வழங்கினாலும், இயற்பியலில் சாதாரணத் துகள்களுக்கு நேர்மாறான எதிர்த்துகள்களாலான பருப்பொருளுக்கும் அதே சொல் வழங்குவதால் குழப்பம் வருகிறது. இலங்கைத் தமிழில் வேரூன்றிய 'பிறபொருளெதிரி' எனக்கு மேலானதாகப் படுகிறது. பிற, பொருள், எதிரி என்று பிரித்த உடனேயே அதன் வேலை விளங்கிவிடுகிறது.

கேஐ-67 நம் உடலிலேயே உள்ள புரதமாயிற்றே, அது எப்படிப் பிறபொருளாகும் என்று கேட்கலாம். அந்த ஆய்வில் ஹாட்ஜ்கின் லிம்போமா என்னும் நிணநீர்ப் புற்றின் மனித உயிரணுக்களிலிருந்து உட்கருக்களைப் பிரித்தெடுத்துச் சுண்டெலிகளுக்குச் செலுத்தினார்கள். சுண்டெலிக்கு மனிதப் புரதம் அயலானது; அதன் உடல் அதற்கு எதிரியை உண்டாக்கிற்று. எதிரியை ஆக்கிய உடலை வைத்துப் பார்த்தால் சொல் பிசகின்றிப் பொருந்துகிறது. பிறகு அந்தப் பிறபொருளெதிரியை மெல்லிய திசுச் சீவல்மேல் இட்டு, அது ஒட்டிய இடம் நிறமேறும்படி செய்தால், நுண்ணோக்கியின் கீழே பெருகும் உயிரணுக்களின் உட்கரு பழுப்பாகவும் மற்றவை நீலமாகவும் தெரிகின்றன. நூறு புற்றணுக்களில் எத்தனை பழுப்பு என்பதே அறிக்கையில் வரும் விழுக்காடு.

எழுதும்போது ஒன்றைக் கவனிக்க வேண்டும். முதலில் உண்டான பிறபொருளெதிரி உறையவைத்த திசுவில்தான் நன்றாக வேலை செய்தது. மெழுகில் பதித்த திசுவிலும் பயன்படும் எம்ஐபி-1 என்ற வேறொன்று 1990களின் தொடக்கத்தில் வந்தது. அதுவும் பற்றுவது அதே புரதத்தைத்தான். ஆகையால் 'கேஐ-67 பிறபொருளெதிரி' என்று மட்டும் எழுதினால் பழையதா, அந்தப் புரதத்தைப் பற்றும் ஏதேனும் ஒன்றா என்பது தெரியாது. 'கேஐ-67 புரதத்துக்கான பிறபொருளெதிரி, எம்ஐபி-1' என்று எழுதுவதே துல்லியம்.