சேத்துக்குள்ள கூடு கட்டி கடல் தரையவே மாத்திடற குட்டி மட்டி

ஆர்குவாட்டுலா சென்ஹவுசியா. பேரு இவ்ளோ நீளம், ஆனா மட்டி ரெண்டு சென்டிமீட்டர்தான், ரொம்ப வளர்ந்தா மூணு. மெல்லிசு ஓடு, பச்சையும் பழுப்பும் கலந்த நிறம், அதுமேல கோணல்மாணலா செவந்த கோடுங்க. ரஷ்யாவோட கிழக்குக் கரையில இருந்து ஜப்பான், சீனா, சிங்கப்பூர் வரைக்கும் இதுக்கு சொந்த இடம். இப்போ அமெரிக்காவோட மேற்குக் கரை, மத்திய தரைக்கடல், ஆஸ்திரேலியா, நியூசிலாந்து, இங்கிலாந்துனு எங்கெங்கயோ இருக்கு.

எப்படிப் போச்சுனா, நாமதான் கொண்டுபோனோம். ஜப்பான்ல இருந்து வளர்க்கறதுக்காக ஆய்ஸ்டர்ங்கிற சிப்பியோட குஞ்சுகள அமெரிக்காவுக்கு பெட்டி பெட்டியா அனுப்பினப்போ அதோட ஒட்டிக்கிட்டே இதுவும் போயிருக்கு, 1924லயே வாஷிங்டன் மாநிலக் கரையில பாத்துட்டாங்க. இன்னொரு வழி கப்பல். இதோட லார்வா, அதாவது முட்டையில இருந்து வந்த குஞ்சு, கண்ணுக்குத் தெரியாத சைஸ்ல வாரக்கணக்கா தண்ணியில மிதந்துட்டே இருக்கும், கப்பல் சரக்கு இல்லாம கிளம்பும்போது சாயாம இருக்க அடியில பேலஸ்ட் தண்ணிய ஏத்திக்கும், அடுத்த துறைமுகத்துல சரக்கு ஏத்தும்போது அதை இறக்கிவிடும், லார்வாவும் கூடவே இறங்கிடும். அந்தத் தண்ணிய சுத்தம் பண்ணித்தான் இறக்கணும்னு சொல்ற உலக ஒப்பந்தம் 2017 செப்டம்பர்லதான் நடைமுறைக்கு வந்துச்சு. ரொம்ப லேட்டுங்க, அதுக்குள்ள இது பாதி உலகத்த சுத்திடுச்சு.

சரி, போய் சேர்ந்து என்ன பண்ணுது? பொதுவா மட்டின்னா பாறையிலயோ பாலத்தூண்லயோ ஒட்டிக்கிட்டு வாழும். இது அங்கயும் ஒட்டும், ஆனா இதோட உண்மையான பலமே சேறுதான். பைசஸ்னு சொல்ற நாரை கால்ல இருந்து சுரக்கும், அதுல மண்ணு, உடைஞ்ச ஓடு எல்லாத்தையும் கோத்து தன்னைச் சுத்தி தூக்கணாங்குருவி மாதிரி ஒரு கூடு பின்னிக்கும், உடம்பு சேத்துக்குள்ள, பின்முனை மட்டும் வெளிய, அது வழியா தண்ணிய இழுத்து பிளாங்க்டன, அதாவது தண்ணியில மிதக்குற நுண்ணுயிர்கள, வடிகட்டித் தின்னும். ஒண்ணு ரெண்டு இருந்தா ஒண்ணும் இல்ல. பிரச்சனை எங்க ஆரம்பிக்குதுன்னா, நல்லா பெருகின இடத்துல ஒரு சதுர மீட்டருக்கு பத்தாயிரத்துக்கு மேலயும் இருக்கும், அத்தனை கூடும் ஒண்ணோட ஒண்ணு பின்னிக்கிட்டு தரை முழுக்க ஒரே விரிப்பா ஆயிடும். அதுல வண்டல் சிக்கும், மட்டியோட கழிவு சேரும், அடியில ஆக்சிஜன் இல்லாம அழுகி சல்ஃபைடுங்கிற நச்சு உண்டாகும். சேறு அப்படியே இருக்குற மாதிரி தெரியும், ஆனா உள்ள வேற தரை.

இதனால எல்லாமே செத்துப்போயிடும்னு நினைச்சுடாதீங்க. அமெரிக்காவுல சான் டியாகோ நகரத்தோட மிஷன் பேங்கிற விரிகுடாவுல பாத்தா, விரிப்புக்குள்ள குட்டிப் புழுக்களும் இறால் இனத்து சின்னப் பூச்சிகளும் வெளிய இருக்கறதவிட அதிகமாவே இருக்கு. அடி வாங்கறது மேல்மண்ணுல வாழ்ற உள்ளூர் சிப்பிங்க. அதே பிளாங்க்டன நம்பி இருக்குறதால சாப்பாடும் போச்சு, இடமும் போச்சு.

எனக்கு இதுல ரொம்ப முக்கியமா படறது கடற்புல் விஷயம். கடற்புல் மண்ணுக்குள்ள கிடைமட்டமா தண்டு ஓட்டித்தான் பரவும், மட்டி விரிப்பு இருந்தா அந்தத் தண்டு நீள முடியாம திணறுது. மட்டிக் கழிவு உரமாகி இலை கொஞ்சம் நல்லா வளரலாம், ஆனா பரவறது நின்னுடுது. இதுக்கு நேர் எதிராவும் நடக்குது, அதாவது புல் அடர்த்தியா, பெருசா, உடையாம இருக்குற இடத்துல இலைங்க தண்ணியோட வேகத்தக் குறைச்சிடும், மட்டிக்கு பிளாங்க்டன் போதுமா வந்து சேராது, பட்டினியில சரியா வளராது. படகு நங்கூரம், தோண்டற வேலை, அழுக்குத் தண்ணினு நாம ஏற்கனவே பிச்சுப்போட்ட துண்டு துண்டான திட்டுங்கள்லதான் இது கொழுக்குது. அதாவது முதல்ல ஓட்டை போட்டது நாம, மட்டி அதுவழியா உள்ள வருது.

அதனால கடற்புல்ல திரும்ப நடறவங்க முதல்ல மண்ணைக் கிளறி மட்டி எவ்ளோ இருக்குனு பாத்துடணும், விரிப்பு புடிச்ச இடத்துல நட்டா புல் அங்கயே தேங்கிடும். மட்டி கம்மியா இருக்குற இடமா பாத்து, சின்னச் சின்ன திட்டா சிதறாம, நெருக்கமா ஒரே பெரிய பரப்பா நடறதுதான் சரி.