காதைக் கூசவைக்கும் ஒலியை மென்பொருளில் அடக்குதல்

வெள்ளவத்தைத் தொடர்மாடியொன்றில், டைல்ஸ் தரையும் கண்ணாடி யன்னலும் உள்ள அறையில் குரல் பதிந்தால் ‘ஸ்’, ‘ஷ்’ வரும் இடமெல்லாம் காது கூசும். வழுவழுப்பான பரப்புகள் உயர் அதிர்வெண்களை அப்படியே திருப்பி எறிகின்றன. காதுக் குழாயோ சுமார் 2.5 சென்ரிமீற்றர் நீளமானது. 3 கிலோஹேர்ட்ஸ் அருகே அது தானாகவே ஒத்திசையும். அதனால் 2 முதல் 5 கிலோஹேர்ட்ஸ் வரை ஒலியில் சிறு மேடுகூடக் குத்தும். ‘ஸ்’ அதற்கும் மேலே, பெரும்பாலும் 5 முதல் 9 வரை நிற்கும்.

ரீப்பர் என்ற ஒலிப்பதிவு மென்பொருளில் உள்ள ஈக்யூவில் (அதிர்வெண்வாரியாக ஒலியைக் கூட்டிக் குறைக்கும் கருவி) ஒரு குறுகிய அதிர்வெண் பட்டையை 8 டெசிபல் உயர்த்தி, 2 இலிருந்து 10 கிலோஹேர்ட்ஸ் வரை மெதுவாக நகர்த்துங்கள். குத்தும் இடம் தெரியும். ஆனால் இவ்வளவு உயர்த்தினால் எந்த அதிர்வெண்ணும் குத்தத்தான் செய்யும். பட்டையை அணைத்த பிறகும் உறுத்தும் இடத்தை மட்டும் குறித்துக்கொள்ளுங்கள்.

அந்த இடத்தை நிரந்தரமாக வெட்டிவிடுவதுதான் பலர் செய்யும் தவறு. ழ, ள, ல மூன்றையும் பிரித்துக் காட்டும் குறிப்புகள் பெரிதும் 1.5 முதல் 3 கிலோஹேர்ட்ஸ் வரையில் உள்ளன. அங்கே அகலமாக 6 டெசிபல் வெட்டினால் ‘பழம்’ எது, ‘பலம்’ எது என்ற தெளிவே மங்கும். ‘ஸ்’ பாயும் கணத்தில் மட்டும் குறைக்கும் டைனமிக் ஈக்யூவே சரி. அவ்வகை மென்பொருளான டிடிஆர் நோவா இலவசமாகக் கிடைக்கிறது. 3 முதல் 6 டெசிபல் வரை குறைத்தால் போதும். அட்டாக்கை (குறைக்கத் தொடங்க எடுக்கும் நேரம்) 1 அல்லது 2 மில்லிசெக்கன், ரிலீஸை (பழைய நிலைக்குத் திரும்ப எடுக்கும் நேரம்) 60 மில்லிசெக்கன் அளவில் வையுங்கள். அட்டாக் மெதுவானால் ‘ஸ்’ஸின் முனை தப்பிவிடும், ரிலீஸ் நீண்டால் அடுத்த உயிரொலி மங்கும். அளவு மீறினால் பேசுபவருக்கு நாக்குத் தடித்ததுபோல் கேட்கும். உரத்த, மெல்லிய ஒலிகளின் இடைவெளியைக் குறைக்கும் கொம்பிரசர் ‘ஸ்’ஸை மேலும் தூக்கிவிடுவதால், இதை அதற்குப் பின்னால் போடுவது நல்லது. முன்னும் பின்னும் ஒப்பிடும்போது சத்த அளவைச் சமப்படுத்துங்கள், இல்லையேல் உரத்ததே நல்லதாகத் தோன்றும்.

ஆடிவேல் ஊர்வலத்தில் கைபேசியில் பதிந்த நாதஸ்வரம் வேறு விடயம். உச்சத்தைத் தாண்டி அலையின் தலை தட்டையாகியிருந்தால், அது புதிய மேற்சுரங்களை எல்லா இடத்திலும் பரப்பியிருக்கும். அதை ஈக்யூ பிரித்தெடுக்காது. முதலில் டீகிளிப் (தட்டையான அலைமுனையை மீட்டமைத்தல்) செய்யவேண்டும், அதுவும் ஓரளவுக்குத்தான் உதவும். அடுத்த ஊர்வலத்தில் ஒலிமட்டத்தைக் குறைத்து, உச்சத்துக்கு 12 டெசிபல் கீழேயே பதியுங்கள். மைக்கை அணைசுக்கு (நாதஸ்வரத்தின் விரிந்த முனை) நேரே நீட்டாமல் சற்றுப் பக்கவாட்டில் பிடியுங்கள்.