உயிரணுச் சிறை என்று ஒன்று இல்லை

கும்பகோணம் பேருந்து நிலையத்தில் ஒருவர் கையில் திணித்த அந்தமான் சுற்றுலாத் துண்டறிக்கையில், அங்குள்ள செல்லுலார் ஜெயிலை 'உயிரணுச் சிறை' என்று மொழிபெயர்த்து அச்சிட்டிருந்தார்கள். போன வாரம் ஒரு காணொளியிலும் இதையே கேட்டேன். அதற்கு முன் பள்ளிக்கூடக் கண்காட்சி அட்டை ஒன்றில். இனிமேலும் சும்மா இருக்க முடியவில்லை.

செல்லுலார் ஜெயிலில் வரும் 'செல்', லத்தீனில் 'செல்லா'. சிறிய அறை, சரக்கறை என்று பொருள். தக்கைச் சீவலை உருப்பெருக்கியில் பார்த்த ராபர்ட் ஹூக், அதில் தெரிந்த குட்டிக் கட்டங்களுக்கு 1665இல் அந்தப் பெயரை வைத்தார். அறைதான் மூத்தது, உயிரியல் அதை இரவல் வாங்கியது. குழந்தைப்பேறு மருத்துவமனை விளம்பரத்தில் வரும் சொல்லைச் சிறைவாசலில் ஒட்டுவது கொடுமை.

தமிழாசிரியரான நண்பர் 'சிற்றறைச் சிறை' என்கிறார். தப்பில்லை, ஆனால் போதாது. நெல் மூட்டை அடுக்குவதும் சிற்றறைதான், அதில் உள்ளே இருப்பவரே தாழ் போட்டுக்கொள்ளலாம். போர்ட் பிளேரில் 1896 முதல் 1906 வரை கட்டியது வேறு. நடுக் கோபுரத்திலிருந்து ஏழு கட்டடங்கள் சக்கரத்தின் ஆரக்கால் மாதிரி பிரியும். மூன்று அடுக்கு, ஏறத்தாழ 700 அறைகள், அறைக்கு ஒரே ஆள். சுமார் பதிமூன்றரை அடி நீளம், ஏழரை அடி அகலம், கைக்கு எட்டாத உயரத்தில் ஒரு காற்றுத்துளை. ஒரு கட்டடத்தின் முன்பக்கம் அடுத்ததன் முதுகைப் பார்க்கும், கைதிகள் ஒருவர் முகத்தை ஒருவர் பார்க்கக் கூடாது என்பதற்காக. தாழ்ப்பாளோ கதவைத் தாண்டி, வெளிச்சுவரில் உள்ள மாடத்துக்குள் போய் விழும். கம்பி வழியே எவ்வளவு நீட்டினாலும் விரல் அதைத் தொடாது.

இதற்குக் கொட்டடி என்ற சொல் இருக்கிறதே! 1930இல் வேதாரண்யத்தில் உப்பு அள்ளிச் சிறை போனவர்களைப் பற்றிப் பேசும்போது எங்கள் பக்கத்துப் பெரியவர்கள் அப்படித்தான் சொல்வார்கள். இந்தி வாடை அடிக்கிறது என்று முகம் சுளிப்பவர்கள் சுளிக்கட்டும். குதிரையைப் பூட்டுவதும் கொட்டடி, மனிதனைப் பூட்டுவதும் கொட்டடி. அந்த அவமானமும் சேர்ந்தே காதில் விழ வேண்டும். ஆகவே, தனிக்கொட்டடிச் சிறை.

ஏழில் மூன்று கட்டடங்களே இன்று மிச்சம். 1979இல் தேசிய நினைவகமாக்கினார்கள். அங்கே போகிறவர்களுக்காக அச்சிட்ட அதே துண்டறிக்கையில், இன்னும் நான்கு வரி தள்ளி, 'ஆயுள் போக்குவரத்துத் தண்டனை' என்று இருக்கிறது. ஆங்கிலத்தில் 'டிரான்ஸ்போர்ட்டேஷன்' என்பதை அப்படியே பெயர்த்ததன் விளைவு. கடல் கடத்தி விடும் அந்தத் தண்டனைக்கு நம் தாத்தாக்கள் காலத்துப் பெயர் தீவாந்தர தண்டனை. அகராதியில் இன்னும் இருக்கிறது, புரட்டினால் போதும்.